கிழியாத தோலுக்கு அடியில்

சிரம்பானிலிருந்து வரும் சாலையும், செப்பாங் பக்கமிருந்து வரும் 5ஆம் எண் கூட்டரசு சாலையும், போர்ட்டிக்சன் கடற்கரைக்குப் போகும் பாதையும் லுக்குட்டில் வந்து கூடுகின்றன. வார இறுதியில் கோலாலம்பூர்க் கார்கள் கடலைப் பார்க்க வரிசை கட்டும். மற்ற நாட்களில் செம்பனைக் குலை ஏற்றிய லோரிகளும், எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலைக்கும் தொழிற்சாலைகளுக்கும் ஷிப்ட் மாறிப் போகிறவர்களின் மோட்டார்களும் ஓடும். சுற்றிலும் உள்ள லின்சம், சிலியாவ், சுவா பெத்தோங் போன்ற தோட்டங்களில் ஒரு காலத்தில் பால்மரம் நின்றது. இன்று பெரும்பாலும் செம்பனை. அங்கே லயன் வீடுகளில் பிறந்தவர்களின் பிள்ளைகள் இப்போது தாமான்களில் குடியிருக்கிறார்கள், வேலைக்கு மோட்டாரில் போகிறார்கள். மலேசியச் சாலைகளில் 2016ஆம் ஆண்டு மட்டும் 7,152 பேர் இறந்தார்கள். ஒவ்வோர் ஆண்டும் அப்படி இறப்பவர்களில் பாதிக்கு மேல் மோட்டார்க்காரர்கள். இறந்தவர்களின் கணக்கு செய்தித்தாளில் வருகிறது. விழுந்து, எழுந்து, தூசியைத் தட்டிவிட்டு வீட்டுக்குப் போனவர்களைப் பற்றியது இந்த அத்தியாயம்.

ஒருவரை வைத்துப் பார்ப்போம். நாற்பது வயதுக்காரர். இரவு ஷிப்ட் முடிந்து விடியற்காலையில் வருகிறார். தோட்டத்து மண்சாலை தார்ச்சாலையில் ஏறும் வளைவில், லோரி டயர் இழுத்துவந்த மணல் பரவிக் கிடக்கிறது. மோட்டார் சறுக்க, இடது இடுப்பு தரையில் பட்டுச் சில மீட்டர் தூரம் தேய்ந்துகொண்டே போய் நிற்கிறார். தடித்த ஜீன்ஸ், எங்கும் கிழியவில்லை. முழங்கையில் மட்டும் சிராய்ப்பு. மருத்துவமனையில் எக்ஸ்ரே எடுக்கிறார்கள், எலும்பு முறிவு இல்லை. வலி மாத்திரையும் இரண்டு நாள் மருத்துவ விடுப்புச் சீட்டும் (எம்.சி.) கொடுத்து அனுப்புகிறார்கள். மூன்றாம் நாளோ நான்காம் நாளோ இடுப்பின் வெளிப்பக்கம் புடைக்கத் தொடங்குகிறது. பெரிய வலி இல்லை. கை வைத்தால் உள்ளே ஏதோ தளும்புகிறது. அந்த இடத்துத் தோலைக் கிள்ளினால் உணர்வு மந்தமாக இருக்கிறது.

வீட்டில் என்ன நடக்கும் என்று நமக்குத் தெரியும். “ரத்தக்கட்டுதாண்ணே, மூசாம்பரம் பத்து போட்டா கரைஞ்சிடும்” என்பார் ஒருவர். இன்னொருவர் கோடாலித் தைலத்தை எடுத்துவருவார். அடுத்த தெருவில் நன்றாக உருவிவிடுகிறவர் இருப்பார். சாதாரண ரத்தக்கட்டாக இருந்தால் பத்துப் போட்டாலும் போடாவிட்டாலும் அது கரைந்துவிடும். இவருக்கு வந்திருப்பது அதுவாக இல்லாமல் இருக்கலாம்.

உங்கள் உள்ளங்கையைத் தொடையின் வெளிப்பக்கத்தில் வைத்து, தோலை மேலும் கீழும் நகர்த்திப் பாருங்கள். கொஞ்ச தூரம் வரும், பிறகு பிடித்து நிறுத்தும். நகர்வது தோலும் அதோடு ஒட்டிய கொழுப்பும். நகராமல் நிற்பது தசையைப் போர்த்தியிருக்கும் உறுதியான வெள்ளை உறை. கோழி உரித்துப் பார்த்தவர்களுக்கு இந்த இடம் தெரிந்திருக்கும். தோலை இழுத்தால் மஞ்சள் கொழுப்போடு சேர்ந்து கழன்று வரும், கீழே சதை பளபளவென்று மூடியபடியே இருக்கும். இரண்டையும் பிடித்துக்கொண்டிருந்த மெல்லிய இழைகள் மட்டும் அறும். மனித உடலில் அந்த இழைகளோடு இன்னொன்றும் போகிறது. தசைக்குள்ளிருந்து கிளம்பி, வெள்ளை உறையைத் துளைத்துக்கொண்டு தோலுக்கு ஏறும் சிறு ரத்தக் குழாய்கள் அவை. கூடவே நிணநீர்க் குழாய்களும் தோலின் உணர்வு நரம்புகளும் செல்கின்றன.

நேராக இடித்தால் சதை நசுங்கும். சாய்வாக இழுத்தால் அடுக்குகள் பிரியும். தரை அந்த மனிதரின் தோலைப் பிடித்துப் பின்னால் இழுத்தது, எலும்பும் தசையும் வேகத்தோடு முன்னால் போயின. தோல் வலுவானது, நன்றாக நீளும், அதனால் கிழியவில்லை. தசையுறையும் கிழியவில்லை. இரண்டுக்கும் நடுவில் இருந்த கொழுப்பின் அடித்தளம்தான் விட்டுக்கொடுத்தது. குழாய்கள் அறுந்தன, நரம்புகள் அறுந்தன, ஒரு வெற்றிடம் உண்டானது. மருத்துவர்கள் இதை மூடிய தோல் உரிவு என்கிறார்கள். கை இயந்திரத்தில் சிக்கித் தோல் கையுறை மாதிரி உரிந்து வருவது திறந்த உரிவு. அதைப் பார்க்கிறவர் யாரும் வீட்டுக்கு அனுப்பமாட்டார். மூடியது அதே காயந்தான், வெளியே காட்டிக்கொடுக்க ஒரு கீறலும் இல்லை.

தோட்டத்தில் இது இன்னொரு வழியிலும் வரும். டிராக்டரின் சக்கரம் ஒருவர் தொடைமேல் ஏறும்போது எடை மட்டும் அழுத்துவதில்லை. டயர் சுழன்றுகொண்டே ஏறுகிறது. எடை தசையை எலும்போடு சேர்த்து அழுத்திப் பிடித்திருக்க, டயரின் பல் தோலைப் பற்றி ஒரு பக்கமாக உருட்டிக்கொண்டு போகிறது. எலும்பு முறியாமலே தொடை முழுவதும் தோல் கழன்றுவிடலாம். வீட்டு வாசலில் பின்னால் எடுத்த காருக்கு அடியில் கால் மாட்டிய குழந்தைக்கு நடப்பதும் இதுவே.

இந்தக் காயத்தைத் தனியாகப் பிரித்துக் காட்டியவர் விக்டர் ஒகுஸ்த் பிரான்சுவா மோரெல்-லாவாலே என்ற பிரெஞ்சு அறுவை மருத்துவர். ஓடும் ரயிலிலிருந்து விழுந்த ஒருவரிடம் அவர் முதலில் இதைக் கண்டார். 1863இல் தோலின் அதிர்ச்சிக் கழல்வுகள் பற்றி விரிவான கட்டுரை எழுதினார். சக்கரமும் வேகமும் வந்த பிறகே இப்படிப்பட்ட இழுவை மனித உடலுக்குப் பரவலாக நேர்ந்தது என்பதால், முதல் நோயாளி ரயிலிலிருந்து வந்ததில் வியப்பில்லை. பிற்காலத்தில் இடுப்புக்குழி எலும்பு முறிவுகளைச் சரிசெய்வதில் வழிகாட்டிகளாக இருந்த ஜுடே, லெத்தூர்னெல் இருவரும் இடுப்பின் வெளிப்பக்கத்தில் வரும் இந்தக் காயத்துக்கு அவர் பெயரையே வழங்கினார்கள். இன்று உடலின் எந்தப் பகுதியில் வந்தாலும் மோரெல்-லாவாலே காயம் என்றே சொல்கிறார்கள். அதிகம் வருவது இடுப்பின் வெளிப்புறம், தொடை, புட்டம், கீழ் முதுகு, முழங்கால் ஆகிய இடங்களில். அங்கெல்லாம் அசையும் தோல் அசையாத உறையின்மேல் படுத்திருக்கிறது.

உண்டான வெற்றிடம் வெற்றாக நிற்காது. அறுந்த குழாய்களிலிருந்து ரத்தம் வடியும், நிணநீர் வடியும், நசுங்கிய கொழுப்பு உருகி அதில் மிதக்கும். ரத்தம் மட்டும் என்றால் உறைந்து, தானே அடைத்து நின்றுவிடும். நிணநீரில் உறைய வைக்கும் பொருட்கள் குறைவு. ஆகவே கசிவு மெதுவாகத் தொடர்ந்துகொண்டே இருக்கும். வீக்கம் முதல் நாள் தெரியாமல் நாலாம் நாள் தெரிவதற்குக் காரணம் இதுதான். சிலருக்கு வாரங்கள் கழித்துக்கூடத் தெரியவரும். அதற்குள் உடல் அந்தத் திரவத்தைச் சுற்றி நாரால் ஒரு சுவர் எழுப்ப ஆரம்பித்திருக்கும். உதிரும் ரத்தத்திலுள்ள இரும்பு சுற்றிலும் அழற்சியைத் தூண்டுவதால் சுவர் தடிக்கும். சுவர் முழுமையாகிவிட்டால் அது ஒரு பை. உள்ளே இருப்பதைத் திரும்ப உறிஞ்சிக்கொள்ள உடலுக்கு வழியில்லை, எத்தனை முறை ஊசியால் எடுத்தாலும் மறுபடி நிறையும்.

தோலின் நிலைமை இதைவிட மோசமாகலாம். அடியிலிருந்து வந்த குழாய்கள் போய்விட்டதால், தோலுக்குள்ளேயே பக்கவாட்டில் ஓடும் நுண்குழாய் வலை ஒன்றுதான் இனி அதற்குச் சோறு போட வேண்டும். கீழே திரவம் நிறைய நிறைய அந்த வலையும் நசுங்கும். முதல் நாள் நல்லபடியாக இருந்த தோல் ஆறாம் ஏழாம் நாளில் கறுத்துப் போவது இப்படித்தான். உருவிவிடுவதை நான் கடுமையாக எதிர்ப்பதற்குக் காரணமும் இதுவே. பாதி கழன்ற தோலைத் தைலம் தடவி இழுத்துத் தேய்த்தால், விபத்து செய்த வேலையைக் கை தொடர்கிறது. மிச்சமிருந்த இழைகளும் அறும், வெற்றிடம் பெரிதாகும். உணர்வு மந்தமான தோலில் சூடான ஒத்தடம் வைத்தால் கொப்புளம் வந்த பிறகே சூடு பட்டது தெரியும்.

கண்டுபிடிப்பது கடினமல்ல, தேட வேண்டும் அவ்வளவுதான். முதல் பரிசோதனையில் ஏறக்குறைய மூன்றில் ஒன்று தவறிப்போகிறது என்று மருத்துவ ஏடுகள் சொல்லிவருகின்றன. உடைந்த எலும்பும் தலைக்காயமும் வயிற்றுக்காயமும் கவனத்தை இழுத்துக்கொள்வதே அதற்கு முக்கியக் காரணம். நமக்குக் கூடுதலாக இன்னொன்று உண்டு. கன்றிப்போன தோலை நீலமும் சிவப்புமாக வெள்ளைத் தோலில் காட்டும் பாடப்புத்தகப் படங்கள் நம் மாநிறத்துக்கும் கருநிறத்துக்கும் உதவாது. நிறத்தைத் தேடி நின்றால் தவறவிட்டுவிடுவோம். கையால்தான் பார்க்க வேண்டும். இரண்டு இடுப்பையும் திறந்துவைத்து, முதலில் நல்ல பக்கத்துத் தோலை விரல்களால் பற்றி நகர்த்த வேண்டும், பிறகு அடிபட்ட பக்கத்தை. கழன்ற தோல் பிடிப்பில்லாமல் அதிக தூரம் வழுக்கிப் போகும். பஞ்சு நுனியால் வருடினால் ஒரு வட்டத்துக்குள் உணர்வு குறைந்திருக்கும். இரண்டு கையையும் எதிரெதிரே வைத்து ஒன்றால் அழுத்தினால் மற்றதில் அலை தட்டும். வீக்கத்தின் எல்லையைப் பேனாவால் சுற்றி வரைந்து, பக்கத்தில் தேதியும் மணியும் எழுதிவைத்தால், மறுநாள் பார்க்கிறவருக்கு அந்தக் கோடே பதில் சொல்லும்.

அடுத்து அல்ட்ராசவுண்ட் ஸ்கேன். கொழுப்புக்கும் தசையுறைக்கும் நடுவில் கறுப்புப் பட்டையாகத் திரவம் தெரியும். அதற்குள் கொழுப்புத் துணுக்குகள் வெளிறிய உருண்டைகளாக மிதக்கும், கருவியால் அழுத்தினால் பட்டை மெலியும். எக்ஸ்ரேயில் இது எதுவும் வராது. “எக்ஸ்ரே நல்லா இருக்குன்னு சொல்லிட்டாங்க” என்பது எலும்பைப் பற்றிய செய்தி மட்டுமே. பெரிய விபத்துகளில் எப்படியும் சி.டி. ஸ்கேன் எடுப்பார்கள். எலும்பையும் உள்ளுறுப்புகளையும் பார்த்து முடித்த கண் தோலுக்கும் தசைக்கும் நடுவில் ஒருமுறை ஓட வேண்டும். மிகத் தெளிவாகக் காட்டுவது எம்.ஆர்.ஐ. அதில் தெரியும் திரவத்தின் வயதையும் சுவரின் தடிப்பையும் வைத்து மெல்லாதோ, பென்கார்தினோ இருவரும் 2005இல் இதை ஆறு வகையாகப் பிரித்தார்கள். வகை எண்ணை விட, சுவர் எழும்பிவிட்டதா இல்லையா என்பதே சிகிச்சையைத் தீர்மானிக்கிறது.

வேறு எதையாவது இதுவென்று எண்ணிவிடவும் கூடாது. தாங்க முடியாத வலி, கால் விரலை மடக்கி நீட்டினால் உயிர் போகிற வலி, தொட்டால் மரக்கட்டையாக இறுகிய சதை என்றால், தசையறைக்குள் அழுத்தம் ஏறியிருக்கிறது என்று பொருள். சில மணி நேரத்துக்குள் அறுத்து விடுவிக்காவிட்டால் தசை செத்துவிடும். மூடிய உரிவில் வீக்கம் மெத்தென்று இருக்கும், வலியும் வீக்கத்தின் அளவுக்கு இருக்காது. காய்ச்சலும் வேகமாகப் பரவும் வலியும் வந்தால் கிருமித்தொற்று. மாதக்கணக்கில் மெல்ல வளரும் கட்டி என்றால், எப்போதோ விழுந்ததை நினைவுபடுத்திக்கொண்டு சும்மா இருந்துவிடாமல் புற்றுக்கட்டி இல்லை என்று உறுதிசெய்ய வேண்டும்.

பெரிய காயத்தில் முதலில் காப்பாற்ற வேண்டியது உயிரை. தொடையிலும் முதுகிலும் கழன்ற வெற்றிடத்துக்குள் ஒரு லிட்டருக்கு மேலும் தேங்க முடியும். ரத்த அழுத்தம் இறங்குகிறது, வயிற்றிலும் நெஞ்சிலும் கசிவு இல்லை என்றால் இந்த இடத்தையும் பார்க்க வேண்டும். குழந்தைகளிடம் இன்னும் கவனம் தேவை, அவர்களின் மொத்த ரத்தமே கொஞ்சம். ரத்தம் உறையாமலிருக்க மாத்திரை சாப்பிடும் முதியவர்களுக்குச் சின்ன அடிகூடப் பெரிய தேக்கமாகும்.

உயிருக்கு ஆபத்தில்லை, வீக்கம் சிறியது, தோல் நன்றாக இருக்கிறது என்றால், நெகிழும் கட்டுத்துணியால் சீராக அழுத்திக் கட்டுவதே முதல் மருந்து. இரண்டு அடுக்கையும் ஒன்றோடொன்று ஒட்டவைத்து, திரவம் தேங்க இடமில்லாமல் செய்வதுதான் நோக்கம். கால் விரலிலிருந்து மேல்நோக்கிச் சுற்ற வேண்டும். தொடையில் மட்டும் இறுக்கினால் அதற்குக் கீழே கால் வீங்கும். வாரக்கணக்கில் தொடர வேண்டும், லுக்குட்டின் வெயிலிலும் புழுக்கத்திலும் அது சாதாரணக் காரியமல்ல. வியர்த்து அரிக்கிறது என்று மூன்றாம் நாள் அவிழ்த்துவிடுகிறவர்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வருவதில்லை. தினமும் குளித்து, தோலைத் துடைத்து, உலர்ந்த கட்டை மாற்றிக் கட்ட வீட்டில் ஒருவருக்குக் கற்றுக்கொடுத்து அனுப்பினால் பாதிப் பிரச்சினை தீரும்.

கட்டு போதாது என்றால் ஊசியால் எடுக்கலாம். அமெரிக்காவின் மேயோ கிளினிக் மருத்துவர்கள் 2014இல் 87 காயங்களை அலசி ஒரு பயனுள்ள எல்லையைத் தந்தார்கள். ஊசியில் 50 மில்லிக்கு மேல் திரவம் வந்திருந்தால் அது திரும்பி வரவே வாய்ப்பு அதிகம், அப்படிப்பட்டவர்களை நேராக அறுவை சிகிச்சைக்குக் கொண்டுபோகலாம் என்றார்கள். இந்த எண்ணை ஒவ்வொரு கிளினிக்கிலும் எழுதி ஒட்டலாம். ஐந்தாறு முறை ஊசி குத்தி, ஒவ்வொரு முறையும் ஆறு நாள் கழித்து வரச்சொல்லி, இடையில் கிருமியும் ஏறி, கடைசியில் தடித்த பையோடு வருகிறவர்களின் பாதையை அது வெட்டிவிடும்.

முதல் மூன்று நாட்களில் பிடித்துவிட்டால் சிறிய அறுவையே போதும். 2006இல் ட்செங், டொர்னெட்டா இருவரும் 19 நோயாளிகளிடம் செய்து வெளியிட்ட முறை இது. வெற்றிடத்தின் இரு முனையிலும் சின்னதாகக் கீறி, ஒரு பிளாஸ்டிக் தூரிகையை உள்ளே விட்டு உறைந்த துணுக்குகளையும் செத்த கொழுப்பையும் தளர்த்தி, உப்புநீரால் தெளியும்வரை அலசுகிறார்கள். பிறகு வடிகுழாய் வைத்து, ஒரு நாளில் வடிவது 30 மில்லிக்குக் கீழே இறங்கியதும் குழாயை எடுக்கிறார்கள். மேல்தோலை நீளமாகத் திறக்காததால், பக்கவாட்டில் ஓடும் அந்த நுண்குழாய் வலைக்குச் சேதம் குறைவு.

வாரங்கள் கடந்து வருகிறவர்களுக்கு ஒட்டவைக்கும் மருந்து உண்டு. திரவத்தை எடுத்துவிட்டு டாக்சிசைக்ளின் கரைசலை உள்ளே செலுத்துகிறார்கள். எலிக்காய்ச்சலுக்குக் கொடுக்கும் அதே மருந்துதான். இங்கே கிருமியைக் கொல்வது அதன் வேலையல்ல. அது பையின் உட்சுவரை உறுத்திப் புண்ணாக்குகிறது, புண்ணான இரு பரப்பும் ஒன்றோடொன்று ஒட்டி ஆறுகின்றன. தூய்மைப்படுத்திய டால்க் தூளும் ஆல்கஹாலும் இதே வேலைக்குப் பயன்படுகின்றன. பை தடித்து முற்றிவிட்டால் அறுத்துத்தான் எடுக்க வேண்டும். எடுத்த பிறகு கொழுப்பின் அடிப்பரப்பை வரிசை வரிசையாகத் தசையுறையோடு சேர்த்துத் தைத்து, வெற்றிடம் இல்லாமல் செய்வார்கள். செத்த தோல் என்றால் நீக்கி, வேறிடத்துத் தோலை ஒட்டவேண்டி வரும். முதல் வாரத்தில் கட்டுத்துணியோடு முடிந்திருக்கக்கூடியது அங்கே வந்து நிற்கிறது.

இடுப்பெலும்பும் முறிந்திருந்தால் கணக்கு சிக்கலாகிறது. எலும்பைப் பொருத்த அறுக்க வேண்டிய இடமும் தோல் கழன்ற இடமும் பெரும்பாலும் ஒன்றே. ஹாக், ஓல்சன், மாட்டா 1997இல் வெளியிட்ட ஆய்வில், இப்படிப்பட்ட 24 பேரின் தேக்கத்தைச் சோதித்தபோது 46 விழுக்காட்டில் கிருமி வளர்ந்தது. தோல் கிழியாத இடத்தில் இத்தனை கிருமி என்பது நம்மை நிமிர்ந்து உட்காரவைக்க வேண்டிய செய்தி. உலோகத் தகடு வைப்பதற்கு முன் அந்த இடத்தைச் சுத்தம் செய்தாக வேண்டும்.

திறந்த காயங்களை அளக்கத் தமிழர்கள் உலகுக்கு ஒரு கருவி கொடுத்திருக்கிறார்கள். கோயம்புத்தூர் கங்கா மருத்துவமனையில் டாக்டர் எஸ். ராஜசேகரன் குழுவினர் உருவாக்கிய மதிப்பெண் முறை, தோல், எலும்பு, தசை மூன்றுக்கும் தனித்தனியே எண் கொடுத்து, 14க்குள் இருந்தால் காலைக் காப்பாற்ற முயலலாம், 17ஐ எட்டினாலோ தாண்டினாலோ நிலைமை மோசம் என்று வழிகாட்டுகிறது. சர்க்கரை நோய் போன்றவற்றுக்கும் அதில் எண் கூடும். காயத்தின் அளவோடு காயம்பட்டவரின் உடலையும் சேர்த்துப் பார்க்கும் அந்தக் கண் மூடிய காயத்துக்கும் வேண்டும். 2019ஆம் ஆண்டு மலேசியச் சுகாதார ஆய்வில் வயதுவந்தோரில் 18.3 விழுக்காட்டினருக்கு நீரிழிவு இருந்தது. இனவாரியாகப் பார்த்தால் இந்தியர்களிடமே அது அதிகம். நீரிழிவால் ஏற்கெனவே உணர்வு குறைந்தவருக்குத் தோல் மரத்துப்போனது புதிதாகத் தெரியாது, தேங்கிய திரவத்தில் கிருமி ஏறினால் தடுக்கும் ஆற்றலும் குறைவு. லுக்குட்டில் விழுந்து எழுந்த ஒரு தமிழரிடம் முதலில் கேட்க வேண்டிய கேள்விகளில் சர்க்கரையும் ஒன்று.

பழைய தோட்டங்களில் டிரெசர் என்று அழைக்கப்பட்ட மருத்துவ உதவியாளர் இருந்தார். 1965இல் அவர்களைப் பதிவு செய்யத் தனிச் சட்டமே வந்தது. தோட்ட ஆஸ்பத்திரிகளின் வசதிக் குறைவை நான் பூசி மெழுக விரும்பவில்லை. ஆனால் அடிபட்டவர் மறுநாள் விடியலில் வேலைக்குப் பெயர் கூப்பிடும் பெரட்டுக்கு வந்தாரா, நொண்டினாரா என்பது அங்கே எல்லோருக்கும் தெரியும். டிரெசர் கூப்பிட்டு இன்னொரு முறை பார்ப்பார். மெதுவாக நிறையும் இந்தக் காயத்துக்குத் தேவைப்படுவது அந்த இரண்டாவது பார்வைதான். தாமானில் வாழ்கிறவருக்கு எம்.சி. முடிந்த பிறகு திரும்ப அழைக்க யாருமில்லை. சறுக்கி விழுந்தவர்களையும் சக்கரம் ஏறியவர்களையும் மூன்றாம் நாளும் பத்தாம் நாளும் கட்டாயம் வரச்சொல்வதற்குப் புதிய கருவி எதுவும் வாங்க வேண்டியதில்லை. போர்ட்டிக்சனிலும் சிரம்பானிலும் பெரிய மருத்துவமனைகள் உள்ளன, தூரம் தடையாக இருக்கக்கூடாது.

காகிதத்திலும் கவனம் வேண்டும். வேலைக்குப் போகும் வழியிலும் வரும் வழியிலும் நேரும் விபத்து மலேசியாவில் தொழிலாளர் சமூகப் பாதுகாப்பு அமைப்பான பெர்கேசோவின் பாதுகாப்புக்குள் வருகிறது. விபத்தை முதலாளி 48 மணி நேரத்துக்குள் தெரிவிக்க வேண்டும். முதல் நாள் சீட்டில் முழங்கைச் சிராய்ப்பு மட்டும் எழுதப்பட்டு, இரண்டு வாரம் கழித்து இடுப்பில் அறுவை நடந்தால், இரண்டுக்கும் தொடர்பு உண்டென்று தொழிலாளிதான் நிறுவ வேண்டியிருக்கும். ஆகவே இடது இடுப்பு தரையில் இழுபட்டது என்பதை முதல் நாளே மருத்துவரிடம் சொல்லி எழுதிவாங்க வேண்டும், அப்போது வீக்கம் இல்லாவிட்டாலும். வீக்கம் தெரிந்த நாளில் திரும்பப் போய், எந்தப் பக்கம், எத்தனை சென்டிமீட்டர், உணர்வு எங்கே குறைந்திருக்கிறது என்பதை அதே பதிவேட்டில் சேர்க்கச் சொல்ல வேண்டும்.